ஊரே சொன்ன ‘சரிங்க’

கண்ணுகளா, நேத்து நான் போனில் கம்பெனி மேனேஜர்கிட்ட “சரிங்க, சரிங்க” என்று சொல்லிக்கொண்டே இருந்ததைக் கேட்டு ரெண்டு பேரும் சிரிச்சீங்க. எனக்குச் சிரிப்பு வரலை. நம்ம ஊர் திருப்பூருக்குள் போய் வெறும் வார்டு நம்பர் ஆனதே அந்த வார்த்தையால்தான்.

அப்போ எனக்கு உங்க வயசு. மாரியம்மன் கோயில் முன்னால் கூட்டம். ஊரை டவுனோடு சேர்த்தால் ரோடு வரும், குழாய்த் தண்ணி வரும் என்று ஒரு அதிகாரி பேசினார். அவர் பேச்சை நிறுத்தும்போதெல்லாம் எங்க அப்பாவும் மத்தவங்களும் “சரிங்க” என்றார்கள். நம்ம பக்கம் அதுக்கு ‘சொல்லுங்க, கேட்டுட்டிருக்கோம்’ என்றுதான் அர்த்தம். அது வெளியூர்க்காரரான அதிகாரிக்குத் தெரியாது. பக்கத்தில் நின்ற ஊர்த்தலைவருக்குத் தெரியும். அவர் என் தாய்மாமன்.

“பாருங்க சார், ஊரே சரின்னுடுச்சு” என்றார் மாமன். கூட்டம் முடிஞ்சுது.

ஊரை டவுனோடு சேர்த்ததும் முதலில் வந்தது குப்பை லாரிதான். நாங்க நீச்சல் பழகின பாறைக்குழியில் டவுன் குப்பையைக் கொட்டினார்கள். அழுகல் நாத்தம் சோத்துத் தட்டு வரைக்கும் வந்தது.

அப்பா மாமன் ஊட்டு வாசலில் போய் நின்றார்.

“ஏனுங்க மச்சான், நாங்க உம் கொட்டினோமுங்க. உங்களுக்குத் தெரியாதுங்களா?”

“தெரியுமுங்க மாப்ள. ஒருத்தராச்சும் வாயத் தொறந்து வேண்டாம்னீங்களா?” என்று மாமன் சிரித்தார்.

அதுக்கப்புறம் மாமன் எங்க ஊட்டுக்கு வந்து எதைப் பேசினாலும் அப்பா சுவத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். ஒரு ‘சரிங்க’கூடக் கிடைக்காமல் மாமனுக்குப் பேச்சே ஓடாது. காபியைப் பாதியில் வெச்சுட்டு எந்திரிச்சுப் போயிடுவார்.