வாதியை எனக்குத் தெரியாது

முப்பத்தொரு வருடம் நீதிமன்றத்தில் எழுத்தராக இருந்து, சிரஸ்தாராக ஓய்வு பெற்றவன் நான். ஒரு வழக்குக்கு எதிர்வழக்குரை எப்படி எழுதுவது என்று எனக்கு எவரும் சொல்லித்தரத் தேவையில்லை. அதனால்தான் இப்படி ஆயிற்று.

என் மனைவியின் அறுவை சிகிச்சைக்குப் பணம் கொடுத்தவன் மலைமேல் இருக்கும் என் நண்பன். விலை ஏறும்வரை காத்திருக்காமல், வீட்டிலிருந்த புளியை எல்லாம் விற்றுக் கொடுத்தான். அவன் எழுத்து எதுவும் கேட்கவில்லை. நான்தான் சட்டம் தெரிந்தவனாயிற்றே, தேதியும் தொகையும் எழுதாத காசோலையில் கையெழுத்துப் போட்டு அவன் கையில் திணித்தேன்.

அவள் பிழைக்கவில்லை.

ஓய்வூதியத்திலிருந்து பாதிக்குமேல் திருப்பிக் கொடுத்தேன். ரசீது கேட்கக் கூச்சமாக இருந்தது. பிறகு அந்த வங்கிக் கணக்கை மூடினேன். காசோலை மறந்தே போயிற்று.

அவன் மகன் அதைப் பெட்டியிலிருந்து எடுத்து, முழுத் தொகையையும் எழுதி வங்கியில் போட்டான். திரும்பி வந்தது. முழுத் தொகைக்கும் வழக்கு. வாதி என் நண்பன். மகன் காட்டிய இடத்தில் கைநாட்டு வைத்திருந்தான்.

மலையேறிப் போய்ப் பேசியிருந்தால் ஒரு டம்ளர் காப்பியில் முடிந்திருக்கும். எனக்குக் கோபம். ‘வாங்கினேன், பாதிக்குமேல் கொடுத்துவிட்டேன்’ என்று எழுதினால், கொடுத்ததை நான் நிரூபிக்க வேண்டும். ‘வாதியை எனக்குத் தெரியாது, காசோலை தொலைந்துபோனது’ என்றால் நிரூபிக்கும் பாரத்தில் ஒரு பங்காவது அவன் தலைக்குப் போகும். எத்தனையோ வழக்குக் கட்டுகளில் நான் பார்த்த வரி; அதையே எழுதிக் கொடுத்தேன். யாரும் அதை நம்பி எழுதுவதில்லை, நம்பிப் படிப்பதுமில்லை.

குறுக்கு விசாரணையில் என் வக்கீல் வழக்கமான குரலில் சொன்னார்: “பிரதிவாதிக்கும் உங்களுக்கும் முன்பின் பழக்கமே இல்லைன்னு சொல்றேன்.”

கூண்டில் நின்றவன் வக்கீலைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தான்.

“இன்னாய்யா, இப்டியா எழுதிக் குட்த்துக்கிறே? உன் சம்சாரம் பாடைக்குத் தோள் குட்த்தது யாருய்யா?”

“கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க,” என்றார் நீதிபதி.

தட்டச்சர் பதிவு செய்தார்: ‘எனக்கும் பிரதிவாதிக்கும் முன்பின் பழக்கமில்லை என்றால் சரியல்ல.’ முறைப்படி அதில் ஒரு குறையும் இல்லை. நான் எழுந்து, தெரியும் என்று சொல்லியிருக்கலாம். நடுவில் பிரதிவாதி பேசும் வழக்கமில்லை. உட்கார்ந்திருந்தேன்.

வெளியே வராந்தாவில் மகன் கத்தினான். “நீ கம்முனு இரு நைனா, நான் பாத்துக்கிறேன்.”

“தெரியாதவங்க கிட்ட எப்டிடா பணம் கேக்குறது?” என்றான் அவன்.

அடுத்த வாய்தாவில் வழக்கை வலியுறுத்தவில்லை என்று அவன் தரப்பில் எழுதிக் கொடுத்தார்கள். தள்ளுபடி. ஜெயித்தேன்.

மீதிப் பணத்தோடு ஆலங்காயத்தில் பஸ் ஏறி மலைக்குப் போனேன். வாசலில் புளி தட்டிக்கொண்டிருந்தான்.

“வாங்க,” என்றான். நாற்பது வருடமாக என்னை ‘வாய்யா’ என்றவன்.

“மீதியைக் கொண்டாந்தேன்.”

“அதான் தள்ளுபடி ஆய்டுச்சேங்க.”

“ஆனா இன்னா? நான் குடுக்கலாம், நீ வாங்கலாம். சட்டம் தடுக்காது.”

“சட்டம் உங்களுக்குத்தான் தெரியுங்க,” என்று சொல்லிவிட்டு அடுத்த பழத்தை எடுத்தான்.

கடைசி பஸ் வரும்வரை நின்றேன். கொட்டையை ஒரு பக்கமும் நாரை ஒரு பக்கமும் போட்டுக்கொண்டே இருந்தான். உட்காரச் சொல்லவில்லை.