நீலச் சால்வைக்காரி

நெடுந்தீவிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு அக்காவைக் கிளினிக் கூட்டிக்கொண்டு போய்வந்த நாட்களில் நாங்கள் படகில் ஒரு விளையாட்டு விளையாடினோம். அக்காவுக்கு மார்பில் புற்றுநோய். எஞ்சின் இரைச்சலில் கதைத்தால் கேட்காது. கத்திக் கதைக்க அவவுக்கு ஏலாது. அதனால் ஒரு கொப்பியை மடியில் வைத்து, படகில் இருக்கிற ஆட்களுக்கு ஒரு வாழ்க்கையைக் கட்டி, ஆளுக்கொரு வரி எழுதுவோம்.

'இந்த ஐயா பெட்டிக்குள்ள கொண்டு போறது தன்ர பல்லுச்செற்' என்று அவ எழுதுவா. 'அதைப் போட்டுக்கொண்டுதான் பொம்பிளை பார்க்கப் போறார்' என்று நான். அக்கா சால்வையால் வாயைப் பொத்திச் சிரிப்பா. சிரிப்பு முடிய இருமல் வரும்.

இனி மருந்தேற்றிப் பிரயோசனமில்லை என்று டொக்டர்மார் நிற்பாட்டினார்கள். அடுத்த மாதம் ஆஸ்பத்திரியிலேயே அவ போய்விட்டா. நான் ரீச்சர் என்பதால் மரண அறிவித்தலை என்னையே எழுதச் சொன்னார்கள். 'உற்றார் சூழ அமைதியாக இறைவனடி சேர்ந்தார்' என்று எழுதிக் கொடுத்தேன். எல்லாருக்கும் அப்படித்தானே எழுதுவது.

முப்பத்தொராம் நாள் அந்தியேட்டி முடிந்த பிறகு கொப்பியை முதல் தாளிலிருந்து வாசித்தேன். கடைசிப் பக்கங்களில் அக்கா ஒரே ஒருத்தியைப் பற்றித்தான் எழுதியிருந்தா. 'நீலச் சால்வைக்காரிக்குச் சாகப் பயமாக் கிடக்கு.' கீழே என் எழுத்து: 'அவவுக்குக் கெதியில் சுகம் வரும். அம்மன் கைவிடமாட்டா.' திரும்ப அக்கா: 'ஒருத்தரும் அவளிட்ட ஒண்டும் கேக்கினமில்லை.' நான்: 'வீட்டில் எல்லாரும் அவவை அன்பாகப் பார்க்கிறார்கள்.'

படகில் நீலச் சால்வை போட்டிருந்தது அக்கா ஒருத்திதான். எழுதும்போதே எனக்கு அது தெரியும்.

திருப்பித் திருப்பி வாசித்தேன். அவவின் வரிகளில் அவ இருந்தா. என் வரிகளில் நான் இல்லை. செத்தவீட்டுக்கு வருகிற எவரும் அதை எழுதியிருக்கலாம்.

பிறகு வேறொரு தாளில் எழுதினேன்: 'அக்கா தண்ணி கேட்டா. கொண்டுவாறன் எண்டு போனனான், வெளியில நிண்டு பிளேன்ரீ குடிச்சன். அவவின்ர முகத்தைப் பார்க்க எனக்கு ஏலாமல் இருந்தது. திரும்பி வரேக்க பக்கத்துக் கட்டில் மனுசி அவவின்ர கையைப் பிடிச்சுக்கொண்டிருந்தா. எல்லாம் முடிஞ்சிட்டுது.'

அதை அத்தானுக்கு, அக்காவின் புருசனுக்கு, வாசித்துக் காட்டினேன்.

"உதை ஏன் எழுதினனீர்?"

"நடந்தது அதுதான் அத்தான்."

"பக்கத்திலயே இருந்தனான் எண்டெல்லோ எனக்குச் சொன்னனீர்?"

"ஓம். பொய் சொன்னனான்."

அவர் எழும்பிப் போய்விட்டார். மேய்ச்சலுக்கு மாடுகளைச் சாய்த்துக்கொண்டு எங்கள் படலையடியால் போகும்போதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். மாரி மழை தொடங்கும்வரை அப்படித்தான் இருந்தது.

ஒருநாள் பின்னேரம் தானாக வந்து கதிரையில் இருந்தார்.

"அதைத் திருப்பி வாசியும்."

வாசித்தேன். இந்த முறை எழும்பிப் போகவில்லை.

"அந்த மனுசி எந்த ஊர்?"

"தெரியாது அத்தான். நான் கேக்கேல்லை."

தாளை என்னிடமிருந்து வாங்கித் தானும் ஒருமுறை வாசித்தார். தேத்தண்ணி போடவோ என்று கேட்டேன். வேண்டாம் என்றார்.