சுரக்குடி வளைவில் அடித்த முளை

எண்பதுகளின் தொடக்கத்தில் நான் சாலை இலாகாவில் ஓவர்சியர். காரைக்காலிலிருந்து திருநள்ளாறு, சுரக்குடி வழியாக மேற்கே எல்லை வரை போகும் ரோட்டை அகலப்படுத்த அளவெடுத்துக்கொண்டிருந்தோம். சுரக்குடி தாண்டியதும் ஒரு கெட்ட வளைவு. எதிரே வரும் பஸ் கிட்டே நெருங்கிய பிறகுதான் கண்ணில் படும். முந்தின மழைக்காலத்தில் ஒரு கூண்டு வண்டி மாடுகளோடு வாய்க்காலில் கவிழ்ந்திருந்தது. வளைவை நிமிர்த்தியாக வேண்டும்.

வடக்கே தள்ளினால் என் அக்கா வீட்டின் முன்கட்டு போகும். தெற்கே தள்ளினால் வாய்க்கால் கரையிலிருந்த ஒற்றைக் குடிசை முழுசாகப் போகும். நடவுக்கும் களையெடுப்புக்கும் போகிற ஒரு பெண், புருஷனை இழந்தவள், இரண்டு பெண் பிள்ளைகளோடு அதில் இருந்தாள்.

"ரெண்டு கோடும் சரியாத்தான் வருது. நீயே பாத்து முளை அடிச்சிட்டு வா, கையெழுத்துப் போடுறேன்" என்றார் என்ஜினியர். வடக்கே இருப்பது என் அக்கா வீடு என்று அவருக்குத் தெரியாது. நானும் சொல்லவில்லை.

இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் காலை, வரைபடத்தில் வடக்குக் கோட்டை மையால் அழுத்தி இழுத்துவிட்டு சைக்கிளை எடுத்தேன்.

ஆட்கள் அளவுச் சங்கிலி பிடித்து வந்து அக்கா வீட்டு வாசலில் நின்றார்கள். அக்கா வெளியே வந்தாள். சங்கிலி முடிந்த இடத்தைப் பார்த்தாள். நேராக வந்து அதன்மேலேயே நின்றுகொண்டாள்.

"எதிர்த்தாப்புல ஒரு குடிசதானே தம்பி? அந்தப் பக்கம் தள்ளக் கூடாதா?"

"அந்தப் பொண்ணுக்கு அதை விட்டா வேற எடம் இல்லக்கா."

"அப்ப அடி. என் கால் மேலயே அடி."

சுத்தியல் பிடித்திருந்த ஆள் அதைக் கீழே வைத்துவிட்டார். அத்தான் வாசற்படியில் நின்றபடி என்னையே பார்த்தார். பேரளம் போகிற பஸ் எங்கள் கூட்டத்தைத் தாண்ட முடியாமல் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது. சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. 'போகட்டும், தெற்கே அடி' என்ற சொல் என் வாய் வரை வந்துவிட்டது.

அதற்குள் எதிர்க் குடிசைக்காரி ரோட்டைத் தாண்டி ஓடி வந்தாள்.

"வேணாங்க சார், அக்காவ அழ வுடாதீங்க. எங்கூட்டையே எடுத்துக்குங்க. நாங்க எங்கயாச்சும் ஒண்டிக்கிறோம்."

அக்கா அவளைத் திரும்பிப் பார்த்தாள். இடுப்பில் சின்னது, முந்தானையைப் பிடித்தபடி பெரியது.

"நீ சும்மா இருடி" என்று சொல்லிவிட்டு அக்கா உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நானே சுத்தியலை எடுத்து முளையை அடித்தேன். முதல் இரண்டு அடி தவறியது.

அறுவடை முடிந்ததும் முன்கட்டை இடித்தார்கள். இரண்டு வருஷம் அக்கா என்னோடு பேசவில்லை. பிறகு அவள் மகள் வயதுக்கு வந்தபோது அத்தான் ஆள் அனுப்பினார். சீர்த்தட்டோடு போனேன். பாதியாக நின்ற வீட்டில், பஸ் போகும்போதெல்லாம் சுவர் அதிர்ந்தது.

அக்கா தட்டை வாங்கவில்லை.

"எனக்கு இன்னும் ஆறல தம்பி. ஆனா தாய்மாமன் இல்லாம சடங்கு எப்படிச் செய்யிறது? உள்ள வா."

தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போனேன்.