கண்மாய்க்கு மேல் ஒரு வெளிச்சம்

எனக்கும் என் கணவருக்கும் சொந்தமாக ஒரு நாடு இருக்கிறது. அதற்குப் பட்டா கிடையாது, சூரியனும் கிடையாது. பெரிய கண்மாய் ஒன்று உண்டு. அதன் நடுவில், தண்ணீருக்கு மேல், தேங்காய் அளவுக்கு ஒரு வெளிச்சம் அந்தரத்தில் நிற்கும். எதனால் எரிகிறது, யார் ஏற்றியது என்று அங்கே ஒருவருக்கும் தெரியாது. அந்த வெளிச்சத்தில்தான் நெல் விளைகிறது, கல்யாணம் நடக்கிறது, வரப்புச் சண்டையும் நடக்கிறது.

கல்யாணமாகி அவர் சவுதிக்குப் போன புதிதில் போனில் பேச எங்களுக்கு ஒன்றுமே இருக்காது. "சாப்பிட்டியா?" "சாப்பிட்டேன், நீங்க?" அதற்குப் பிறகு சண்டைதான். ஒருநாள் சண்டைக்கு நடுவில் அவர், "ஒரு ஊர்ல சூரியனே இல்ல, கேளு" என்று ஆரம்பித்தார். அன்றிலிருந்து சாயங்காலமானால் வாட்ஸ்அப்பில் குரல் பதிவு வரும். பதிலுக்கு நானும் ஒன்று அனுப்புவேன். அந்த நாட்டு ஜனங்கள் என் பொறுப்பு, வெளிச்சம் அவர் பொறுப்பு. அதில் நான் கை வைக்கக் கூடாது என்பது பேச்சு. மகள் பிறந்தபோது அவர் வரவில்லை, அவளைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தபோதும் வரவில்லை. வெளிச்சம் மட்டும் ஒருநாளும் தவறியதில்லை.

இந்த வருஷம் பாப்பாவுக்குப் புது நன்மை, மாதா கோயிலில் முதன்முதலாக நற்கருணை அப்பம் வாங்கும் நாள். அதற்குக் கட்டாயம் வருகிறேன் என்று அவளிடமே சத்தியம் செய்திருந்தார். வெள்ளை கவுன் தைத்து வந்துவிட்டது. அப்பாவோடு எப்படி நடப்பது என்று என் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு தினமும் ஒத்திகை பார்த்தாள்.

அந்தச் சமயத்தில்தான் அந்தப் பதிவு வந்தது. "வெளிச்சம் அணைஞ்சு போச்சு." அவ்வளவுதான்.

எங்கள் ஆவூர் கோயிலில் நற்கருணைப் பேழைக்கு முன்னால் சிவப்பு விளக்கு ஒன்று எந்நேரமும் எரியும். பெரிய வெள்ளியன்று மட்டும் எரியாது, அது ஏசுசாமி செத்த நாள். அன்றைக்கு அந்த வெறும் கண்ணாடியைப் பார்க்காமல் சின்ன வயதில் நான் அம்மாவின் முந்தானைக்குள் முகத்தைப் புதைத்துக்கொள்வேன். அவரும் அதே கோயிலில் முழங்கால் போட்டு வளர்ந்தவர்தான். வெளிச்சம் அணைந்துவிட்டது என்று எங்கள் ஊர்க்காரர் சும்மா சொல்லமாட்டார். போன் போட்டேன். சுவிட்ச் ஆஃப். பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது. அவர் எங்கேயாவது விழுந்து கிடந்தால் எனக்கு யார் சொல்வார்கள்? வாசலுக்கும் கொல்லைக்குமாக நடந்துகொண்டே இருந்தேன்.

அடுத்த வீட்டில் இருக்கும் அண்ணி, அவருடைய அக்கா, உறைமோர் கேட்டு வந்தார்.

"என்னத்தா, குட்டி போட்ட பூனையாட்டம் இங்கிட்டும் அங்கிட்டும் அலையிற?"

இல்லாத ஊரில் விளக்கு அணைந்ததற்கு அழுகிறேன் என்று எப்படிச் சொல்வது? வெட்கத்தை விட்டுச் சொன்னேன்.

"கண்மா மேல வெளிச்சம்னா அது கொள்ளிவாய்ப் பிசாசு. போனாப் போகட்டும்" என்றவர், என் முகத்தைப் பார்த்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். "ஒனக்கு எந்தம்பியப் பத்தித் தெரியலத்தா. சைக்கிளத் தொலைச்ச அன்னைக்கு, ரோட்டுல நாய் செத்துக் கெடக்குன்னு ஏங்கி ஏங்கி அழுதான். நாயும் இல்ல, ஒண்ணும் இல்ல. நேராச் சொல்ல அவனுக்கு வாய் வராது. லீவு கெடைச்சிருக்காது, அதான்."

பயம் போன இடத்தில் கோபம் வந்து உட்கார்ந்தது. உயிரோடு இருக்கிறார் என்ற சந்தோஷத்தைவிட அந்தக் கோபம்தான் பெரிதாக இருந்தது. மறுநாள் அவரே கூப்பிட்டார். அண்ணி சொன்னதேதான், லீவு ரத்தாகிவிட்டதாம்.

"வரலைன்னா வரலைன்னு சொல்ல வேண்டியதுதானே? வெளிச்சத்த ஏன் அணைச்சீங்க? செத்தே போனேன் நான்."

"பாப்பாகிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியல. இனிமே நீயே ஏத்திரு. என்னால முடியல."

ஏற்றியிருக்கலாம். ஒரு வார்த்தை சொன்னால் போதும், எரிந்துவிடும். எனக்கு மனசு வரவில்லை.

பாப்பா என் கையைப் பிடித்துக்கொண்டு போய்ப் புது நன்மை வாங்கினாள். பூசை முடிகிறவரை கோயில் வாசலைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அன்று சாயங்காலம் பதிவு அனுப்பினேன். "வெளிச்சம் ஒங்க பொறுப்பு. நீங்க வந்துதான் ஏத்தணும். ஜனங்க யாரும் வீட்டுக்குப் போகல. இருட்டுல, கரையிலயே உக்காந்திருக்காங்க."

அதற்கு இன்றுவரை பதில் இல்லை. போனில் மறுபடியும் "சாப்பிட்டியா" தான். ஆனால் பதிவுகளைக் கேட்கிறார், மைக் படம் நீலமாக மாறுவதில் அது எனக்குத் தெரிகிறது. நானும் விடுவதாக இல்லை. ஒருநாள் கரையிலேயே சோறு பொங்கினார்கள் என்றேன். ஒருநாள் ஒருத்திக்குப் பிள்ளை பிறந்தது, அங்கேயே பேர் வைத்தார்கள் என்றேன். இன்றைக்கு அங்கே நல்ல மழை என்று சொன்னேன். யாரும் எழுந்திருக்கவில்லை.