கூண்டுக்காரி

அந்தத் தெருவில் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிட ஆள் கிடையாது. சலவைக்கடைக்காரரிலிருந்து பால் போடுகிறவர் வரை எல்லோருக்கும் அவள் குருவிக்கடை அக்கா. கடை என்றால் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். சலவைக்கடைக்கும் செல்போன் ரிப்பேர் கடைக்கும் நடுவில், இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் பின்வாங்கியே ஆகவேண்டும் என்கிற அகலத்தில் ஓர் இடம். சுவரை மறைத்துக் கூண்டுகள். லவ் பேர்ட்ஸ், ஃபின்ச், கொண்டை வைத்த காக்கடீல் கிளி ஒரு ஜோடி. தரையில் தினை மூட்டை. மேலே ஓயாமல் சுற்றும் மின்விசிறி. அது நின்றால் எச்ச நாற்றம் தெருமுனை வரை போய்விடும்.

கல்யாணத்துக்கு அப்புறம் அவளே யோசித்து ஆரம்பித்த கடை அது. கணவன் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவன். "குருவி விக்கிறதெல்லாம் ஒரு பொழப்பா?" என்று முகத்தைச் சுளித்தவன்தான், பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டுக் கூண்டுத் தட்டு கழுவ உட்கார்ந்தான். அவளுக்கு அந்த வேலை கைவந்துவிட்டது. தினைக் கிண்ணத்தை ஊதி உமியைப் பறக்க விடுவாள். தாய் ஒதுக்கிவிட்ட குஞ்சை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு சிரிஞ்சால் சொட்டுச் சொட்டாகக் கூழ் ஊட்டுவாள். பிழைத்தால் சிரிப்பாள். செத்தால் அன்றைக்கு யாரிடமும் சரியாகப் பேசமாட்டாள்.

அவர்களுக்கு ஒரே மகள். மூன்றாம் வகுப்பு. பள்ளிக்கூடம் விட்டதும் நேரே கடைக்கு வந்து தினை மூட்டைமேல் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். எழுதியதைவிடக் குருவிகளோடு பேசியதுதான் அதிகம். ஒவ்வொன்றுக்கும் பேர் வைத்திருந்தாள். எந்நேரமும் தலையாட்டிக்கொண்டிருப்பது டீச்சர். உச்சந்தலையில் இறகு உதிர்ந்தது வழுக்கை. மூலையில் ஒடுங்கிக் கிடக்கிற வெள்ளை ஃபின்ச், அழுமூஞ்சி. யாராவது ஒன்றை வாங்கிக்கொண்டு போனால் கொஞ்ச நேரம் மூக்கை உறிஞ்சிவிட்டு, அடுத்ததற்குப் பேர் வைக்கப் போய்விடுவாள்.

இப்படி ஒரு குறையுமில்லாமல் போய்க்கொண்டிருந்தபோதுதான் அந்தக் கார்ட்டூன் படம் வந்தது. ஊரிலிருக்கிற பிள்ளைகள் அத்தனையும் அதைப் பார்த்தாகிவிட்டது, வேனில் வேறு பேச்சே இல்லை என்று கணவன் டிக்கெட் எடுத்து வந்தான். மூன்று பேரும் போனார்கள்.

காட்டில் பிறந்த ஒரு நீலக்குருவியைப் பிடித்துக் கடையில் விற்றுவிடுகிறார்கள். அங்கே ஒரு பூனை அதற்கு உயிர்த்தோழனாகிறது. பூனை சாவியைத் திருடிக் கூண்டுகளைத் திறக்க, எல்லாக் குருவிகளும் பாடிக்கொண்டே காட்டுக்குப் பறந்து போய்க் குடும்பத்தோடு சேர்கின்றன. அதுதான் கதை. அந்தக் காட்டின் அழகைப் பார்த்து அவளே முதலில் வாயைப் பிளந்தாள். சிங்கமும் மானும் ஒரே குளத்தில் தண்ணீர் குடித்தன. பாம்பு தாலாட்டுப் பாடியது. யாரும் யாரையும் தின்னாத காடு. படம் முழுக்க ஒரு குருவிகூடக் கண்ட இடத்தில் எச்சம் போடவில்லை.

போட்டதெல்லாம் வில்லிமேல்தான். அந்த வில்லி குருவிக்கடை வைத்திருப்பவள். குண்டாக, கோணல் பல்லோடு, இடுப்பில் சாவிக்கொத்து குலுங்க வருவாள். படத்தில் எல்லோரும் அவளைக் கூண்டுக்காரி என்றார்கள். "வெளியே போனால் ஒரு நாள்கூடப் பிழைக்கமாட்டீர்கள், செல்லங்களே!" என்று கூண்டைத் தட்டித் தட்டிச் சிரிப்பாள். கடைசியில் எச்சத் தொட்டிக்குள் தலைகுப்புற விழுவாள். விழுந்ததும் தியேட்டர் முழுக்கப் பிள்ளைகள் எழுந்து நின்று கை தட்டினார்கள். பெற்றவர்களும் தட்டினார்கள். அவளும் பழக்கதோஷத்தில் இரண்டு தட்டு தட்டிவிட்டாள். அப்புறம்தான் கவனித்தாள், தன் கைக்குள் இருந்த கையை மகள் அதற்கு முன்பே உருவிக்கொண்டுவிட்டிருந்தாள்.

மறுநாள் கடை திறக்கும் முன்பே வாசலில் கூட்டம். அதுவரை மாதத்தில் பாதி நாள் ஈயோட்டிக்கொண்டிருந்த கடை அது.

"படத்துல வர்ற நீலக்குருவி இருக்கா?"

"லவ் பேர்ட்ஸ்ல நீலம் இருக்கு சார். பச்சை கொஞ்சம் நல்லா பழகும்."

"பச்சை யாருக்கு வேணும்? நீலம் குடுங்க. பாடுமா?"

"கத்தும் சார். காலைலேர்ந்து கத்தும்."

அவர் அதைக் காதில் வாங்கவில்லை. முதல் நாள் தியேட்டரில் கூண்டுக்காரி விழுந்தபோது கைதட்டிய அதே கூட்டம், இப்போது கூண்டோடு சேர்த்து வாங்கிக்கொண்டு போனது. நீலம் தீர்ந்து, மறுபடி வரவழைத்து, அதுவும் தீர்ந்தது. அவளுக்குச் சாப்பிட நேரமில்லை. சந்தோஷப்படத்தான் வேண்டும். ஆனால் தினை மூட்டைமேல் உட்கார ஆளில்லை. தலை வலிக்கிறது, படிக்க நிறைய இருக்கிறது என்று மகள் நேரே வீட்டுக்குப் போய்விடுகிறாள்.

காரணம் கணவன் வாயால்தான் தெரிந்தது. வேனில் பிள்ளைகள் மகளைக் "கூண்டுக்காரி மக" என்கிறார்களாம். பக்கத்தில் உட்கார மாட்டேன் என்கிறார்களாம். இவன் பொறுக்க முடியாமல் ஒரு நாள் வேனை ஓரங்கட்டி அதட்டியிருக்கிறான். மறுநாளே, பிள்ளைகளை மிரட்டினீர்களா என்று பள்ளியில் கூப்பிட்டுக் கேட்டுவிட்டார்கள்.

அன்று சாயங்காலம் மகள் தானாகவே கடைக்கு வந்தாள். படியேறாமல் வாசலிலேயே நின்றாள்.

"அம்மா, இதையெல்லாம் நீ ஏன் வெளிய விடமாட்டேங்கற?"

"இதெல்லாம் கூண்டுலயே பொறந்ததுடி. அதோட அம்மா அப்பாவும் கூண்டுலதான் பொறந்துச்சு. இரை தேடத் தெரியாது. வெளிய போனா பொழைக்காது."

மகள் அவளை ஏற இறங்கப் பார்த்தாள்.

"கூண்டுக்காரியும் இதையேதான் சொன்னா."

அவளுக்குச் சுருக்கென்றது. உள்ளே இரண்டு பேர் நீலம் கேட்டு அவசரப்படுத்திக்கொண்டிருந்தார்கள். உட்கார வைத்துப் பொறுமையாகச் சொல்லியிருக்கலாம். "படம் பொய்டி! போய் வேலையப் பாரு" என்று எரிந்து விழுந்துவிட்டாள். எரிந்து விழுந்தபோதும் அவள் கையில் கூண்டுகளின் சாவிக்கொத்துதான் இருந்தது.

அடுத்த ஞாயிறு கணவனுக்குக் காய்ச்சல். தினை மூட்டை வந்து லாரி ஆபீசில் கிடக்கிறது என்று போன் வந்தது. மகளைக் கடையில் உட்கார வைத்து, சாவிக்கொத்தைக் கையில் கொடுத்து, "யார் வந்தாலும் அம்மா இப்ப வந்துருவாங்கன்னு சொல்லு" என்றுவிட்டுப் போனாள். மகள் சமத்தாகத் தலையாட்டினாள். கோபம் தீர்ந்துவிட்டது போலிருக்கிறதே என்று அவளுக்கு மனசு குளிர்ந்துவிட்டது.

திரும்பி வந்தபோது தெருவை அடைத்துக்கொண்டு ஜனம். எல்லோர் கையிலும் தூக்கிப் பிடித்த செல்போன். நடுவில் மகள், காலிக் கூண்டு ஒன்றைத் தலைக்குமேல் பிடித்து, படத்துப் பாட்டைப் பாடிக்கொண்டிருந்தாள். மின்கம்பிமேல் நீலமும் பச்சையுமாகக் குருவிகள். ஜனங்கள் கைதட்டினார்கள். சலவைக்கடைக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அவள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே போனாள். மேலே பார்த்தாள். எதிர்மாடி விளிம்பில் காக்கைகள் கூடிக்கொண்டிருந்தன.

பாட்டு முடியும்வரைதான் ஜனம் நின்றது. படம் பிடித்தாயிற்று, கலைந்துவிட்டார்கள். அதற்கப்புறம் நடந்ததை அவளும் மகளும்தான் பார்த்தார்கள். கம்பியிலிருந்து ஒன்றை ஒரு காக்கை கொத்தித் தூக்கிக்கொண்டு போனது. பறந்து பழகாதவை தத்தித் தத்தி ரோட்டில் இறங்கின. வழுக்கைமேல் பைக் ஏறியது. அவள் துணியை விரித்துக்கொண்டு அங்குமிங்கும் ஓடினாள். கைக்குச் சிக்கியது கொஞ்சம்.

கடைக்குள்ளே அதைவிடக் கொடுமை. சலவைக்கடைப் பூனையை மகள்தான் தூக்கி வந்து உள்ளே விட்டிருந்தாள். குருவிகளுக்கு வழிகாட்ட. கூண்டு திறந்தும் அழுமூஞ்சி வெளியே வரவில்லை. பூனை அந்தக் கூண்டுக்குள் போயிருந்தது.

மகள் பூனையின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எடுத்த வீடியோ ஊரெல்லாம் சுற்றியது. இந்தச் சின்ன வயசில் என்ன பெரிய மனசு என்று முகம் தெரியாதவர்களெல்லாம் உருகினார்கள். அதைப் பார்த்துவிட்டு, கத்துகிறது, வீட்டை நாறடிக்கிறது என்று அலுத்துப்போயிருந்தவர்கள் தங்கள் நீலக்குருவிகளையும் பால்கனியிலிருந்து பறக்கவிட்டுப் படம் போட்டார்கள். பள்ளியில் காலைக் கூட்டத்தில் மகளை மேடையேற்றி, அந்தப் படத்தின் குருவி அச்சடித்த தண்ணீர் பாட்டிலைப் பரிசாகக் கொடுத்தார்கள். பெற்றவர்களும் வரவேண்டும் என்று சொல்லிவிட்டிருந்தார்கள்.

"அன்பு, சுதந்திரம், குடும்பப் பாசம். ஒரு நல்ல படம் நம்ம குழந்தைகளுக்கு என்னவெல்லாம் கத்துக்குடுக்குது பாருங்க!" என்றார் தலைமையாசிரியை. "இப்படி ஒரு பொண்ணைப் பெத்த அம்மா நீங்க, ரெண்டு வார்த்தை பேசுங்க."

மைக்கைக் கையில் கொடுத்துவிட்டார்கள். முன்வரிசையில் பிள்ளைகள் குசுகுசுத்தது கூண்டுக்காரி என்றுதான். உண்மை அவள் தொண்டைவரை வந்தது. சொன்னால் இத்தனை பேர் முன்னால் குருவிகளைக் கொன்றவள் என்று ஆகப்போவது மகள். மகள் அண்ணாந்து அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சந்தோஷமா இருக்கு" என்றாள் அவள். மைக்கைத் திருப்பிக் கொடுத்தாள். கைதட்டல் காதைப் பிளந்தது.

வீட்டுக்கு நடந்து வரும்போது மகள் கேட்டாள். "எல்லாம் செத்துப்போச்சுன்னு ஏம்மா சொல்லல?"

"உனக்காகத்தான்டி தங்கம்."

"நீ எங்கிட்ட படம் பொய்னு சொன்ன. நீயும் அங்க பொய்தான சொன்ன?"

அவள் நடையை எட்டிப் போட்டாள். மகள் விடவில்லை.

"வெளிய போனா செத்துடும்னு உனக்குத் தெரியும்ல? தெரிஞ்சும் சாவிய ஏன் எங்கிட்ட குடுத்த?"

நம்பித்தான் கொடுத்தேன் என்று சொல்ல வாயெடுத்தாள். அந்த வார்த்தை அவளுக்கே சகிக்கவில்லை.

அந்த மாதத்தோடு கடையை மூடினாள். மிஞ்சியதை வேறொரு கடைக்காரருக்குக் கொடுத்துவிட்டு, ஒரு சூப்பர் மார்க்கெட்டில் பில் போடுகிற வேலைக்குச் சேர்ந்தாள். இப்போது அவளைக் குருவிக்கடை அக்கா என்று யாரும் கூப்பிடுவதில்லை. கூண்டுக்காரி என்பதையும் பிள்ளைகள் மறந்துவிட்டார்கள். அவர்களுக்கு வேறு படம், வேறு வில்லன். மகள் நன்றாகப் படிக்கிறாள், கேட்டதற்குப் பதில் சொல்கிறாள், குறையென்று ஒன்றும் சொல்வதற்கில்லை. ஆனால் அம்மா எதைச் சொன்னாலும் ஒரு கணம் அவள் முகத்தைப் பார்த்து, இது நிஜம்தானா என்று நிதானித்துவிட்டுத்தான் தலையாட்டுகிறாள். மழை வரும்போலிருக்கிறது, குடை எடுத்துக்கொண்டு போ என்றால்கூட, ஜன்னலுக்குப் போய் வானத்தைப் பார்த்துவிட்டுத்தான் எடுக்கிறாள்.