ஆரோக்கியமேரி மேடத்தின் திராட்சைச் சிலந்தி

எங்கள் கல்லூரி ஆசிரியர் அறையின் மேற்குச் சன்னலில் இனி ஒட்டடை அடிப்பதில்லை என்று சென்ற திங்களன்று ஒருமனதாகத் தீர்மானித்தோம். முதல்வரே கையெழுத்திட்டார். விலங்கியல் துறை ஆரோக்கியமேரி மேடம் அனுமந்தன்பட்டி வீட்டில் காலமான செய்தி வந்து அரை மணி நேரம் ஆகியிருந்தது. வேறென்ன செய்வதென்று எங்களுக்குத் தெரியவில்லை. அவர் ஆராய்ந்தது குதிக்கும் சிலந்தியை. அது வலை பின்னிப் பூச்சி பிடிக்காது. இதை அவர் எங்களுக்குப் பலமுறை சொல்லியிருக்கிறார்.

ஒருமுறை என்னையும் திராட்சைப் பந்தலுக்கு அழைத்துப் போனார். உள்ளே நடப்பது பச்சைத் தண்ணீருக்கு அடியில் நடப்பது போலிருந்தது. ஓர் இலைமேல் அரிசியளவு சிலந்தி, மெல்லத் திரும்பி நான்கு முன்கண்களால் என்னைப் பார்த்தது. எவ்வளவு நேரம் நின்றோமோ தெரியாது. "அசையாதீங்க சார். உங்களை எந்த இனத்துல சேக்கலாம்னு யோசிக்குது" என்றார்.

அந்தச் சிலந்திக்கு அறிவியல் பெயர் வைத்தவர் அவர்தான். அப்பெயருக்குப் பின்னால், வைத்தவரின் பெயரும் வரும். அதைச் சேர்த்த பேரினம், அதாவது நெருங்கிய இனங்களின் தொகுதி, தவறென்று பின்னர் தெரிந்து சிலந்தியை வேறு பேரினத்துக்கு மாற்றினால், வைத்தவர் பெயர் அடைப்புக்குறிக்குள் போய்விடும். அவருக்குக் கிடைத்தவையெல்லாம் பெண் சிலந்திகள். ஆணின் முகத்தருகே உள்ள குட்டைக் கைகளைப் பார்த்தால்தான் பேரினம் உறுதியாகும். ஆணைப் பல வருடம் தேடினார்.

மேடம் மதுரைக்குச் சிகிச்சைக்குப் போய்வந்த நாட்களில் திராட்சைத் தோட்டக்காரர் முருகேசன் போன் செய்தார். "டீச்சர், நாளைக்கு மருந்தடிக்கிறோம். உங்க ஆளுகளை இன்னைக்கே கூட்டிட்டுப் போயிருங்க."

போனோம். இலை நுனியில் ஒருவன் முன்னங்கால்களைத் தூக்கி ஆடிக்கொண்டிருந்தான், எதிரே பெண். மேடம் குப்பியைத் திறக்காமலே நின்றார். "கல்யாணம் முடியட்டும்னு நிக்கிறாக" என்று முருகேசன் தன் மனைவியிடம் சொன்னார்.

பிடித்துவந்த ஆணைப் பார்த்துவிட்டு நுண்ணோக்கியிலிருந்து நிமிர்ந்தபோது, "தப்பா வச்சிருக்கேன் சார்" என்றார்.

"யாருக்கு மேடம் தெரியப் போகுது? விட்டுருங்க" என்றேன். நான் பொருளாதாரம், எங்கள் துறையில் தப்பை ஒப்புக்கொள்ளும் வழக்கம் இல்லை.

"அந்த வீட்டுப் பிள்ளைய இந்த வீட்டு ரேஷன் கார்டுல ஏத்தி வச்சிருக்கேன். மாத்தணும்ல."

படுத்தபடியே திருத்தக் கட்டுரையைச் சொன்னார். நான் தட்டச்சு செய்தேன். ஒவ்வொரு நாளும், "முடிச்சிருவோமா சார்?" என்று கேட்பார். முடித்தோம்.

அவருடைய கைலென்ஸ் என்னிடம் இருக்கிறது. எதற்கும் பெயர் வைக்குமுன், அது திரும்பிப் பார்க்கும்வரை காத்திருக்கும் பழக்கமும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

கட்டுரை நேற்று வெளிவந்தது. ஆரோக்கியமேரி என்ற பெயர் இப்போது அடைப்புக்குறிக்குள் இருக்கிறது.