வெட்டில்லாத படத்தோடு கம்பம் வரை

சனிக்கிழமை காலை ஆறு மணிக்குச் சாத்தூரில் பஸ் ஏறினேன். தோளில் லேப்டாப், மடியில் இரவல் வாங்கிய புரொஜெக்டர். மாட்டுத்தாவணியில் இறங்கி, டவுன் பஸ் பிடித்து ஆரப்பாளையம் போய்ச் சேருவதற்குள் ஒரு மணி நேரத்துக்கு மேல் தொலைந்தது. தேனி பஸ்ஸில் கண்டக்டர் புரொஜெக்டர் பெட்டியைக் காட்டி லக்கேஜ் என்றார். மடியில்தானே வைத்திருக்கிறேன் என்றேன். "மடியில வச்சா ஆச்சா? அது என்ன பிள்ளையா?" என்று சொல்லிக்கொண்டே இன்னொரு டிக்கெட்டைக் கிழித்தார்.

தேனி வரை எழுபத்தைந்து கிலோமீட்டர். அங்கிருந்து கம்பம் நாற்பது. வீரபாண்டி, சின்னமனூர், உத்தமபாளையம் என்று ஒவ்வொரு நிறுத்தத்திலும் பஸ் பத்து நிமிடம் நின்றது. காத்திருப்பைப் பற்றிப் படம் எடுத்தவன் காத்திருக்கக் கற்றிருப்பான் என்று யாராவது நினைத்தால் அது தவறு. எனக்கு எரிச்சல்தான் வந்தது.

போன வருடம் கம்பம் ஜீப் ஸ்டாண்டில் எடுத்தது அந்தப் படம். முப்பத்தெட்டு நிமிடம். கேமரா அசையாது. இசை கிடையாது. ஒரு வெட்டுகூடக் கிடையாது. கேரளத்து ஏலத்தோட்டங்களுக்கு வேலைக்குப் போகும் பெண்கள் விடியும் முன்னே வந்து ஜீப்புக்காக நிற்கிறார்கள், அவ்வளவுதான். வெட்டும் இடத்தில்தான் சினிமா பொய் சொல்லத் தொடங்குகிறது என்பது என் கட்சி. ஒரு தொழிலாளி நாற்பது நிமிடம் நின்றதை நான்கு நொடியாகச் சுருக்குவதும் சுரண்டல்தான் என்று சிறு பத்திரிகை ஒன்றில் எழுதியும் இருக்கிறேன். கேரளத்தில் ஒரு திரைப்பட விழா படத்தைத் தேர்ந்தெடுத்திருந்தது. விழா முடிந்ததும் ஒரு வாரம் இணையத்திலும் காட்டுவார்கள். அதற்குமுன், படத்தில் இருப்பவர்கள் பார்த்துவிட வேண்டும் என்பது நானே போட்டுக்கொண்ட விதி. யாரும் கேட்கவில்லை. அதனால் யாரையும் திட்டவும் வழியில்லை.

கம்பத்தில் ஜீப் ஓட்டுநர் சிக்கந்தர் பாய் காத்திருந்தார். படத்தில் கடைசியில் வருவது அவருடைய ஜீப்தான்.

"தம்பி, இங்கன வந்து படம் எடுக்குறவுக எல்லாரும் அருவாளக் குடுத்து ஓடச் சொல்லுவாக. நீங்க ஒருத்தர்தான் சும்மா நிக்கச் சொன்னது. சண்டை எதுவும் சேத்துருக்கீகளா?"

"இல்ல பாய்."

"பாட்டு?"

"இல்ல."

"அப்ப இன்டர்வலாச்சும் விடுவீகள்ல?" என்றார்.

லாட்ஜில் அறுநூறு ரூபாய் அறை. மின்விசிறி சுற்றியதைவிடப் பேசியது அதிகம்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணி. ஜீப் ஓடாத நாள் அது ஒன்றுதான். சிக்கந்தர் பாயின் மச்சான் திராட்சை பேக்கிங் ஷெட்டைத் திறந்துவிட்டார். ஷெட்டுக்கு எட்டு ஜன்னல். ஒன்றுக்கும் கதவு இல்லை. பெட்ஷீட் கட்டினோம். அதிலும் வெளிச்சம் கசிந்து, விடியற்காலை இருட்டில் எடுத்த படம் சுவரில் வெளுத்துப்போய் விழுந்தது. இருபது பெண்கள் பிளாஸ்டிக் கிரேட்டுகளைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார்கள்.

முதல் இருபது நிமிடம் திரையில் பெரும்பாலும் தூக்குவாளிகள்தான் இருக்கும். அங்கே வரிசையில் ஆள் நிற்பதற்கு முன்னே வாளி நிற்கும். வாளியை வைத்துவிட்டு டீ குடிக்கப் போவார்கள். வாளி எந்த இடமோ, ஜீப்பில் ஆளும் அந்த இடம். நான் மிகவும் பெருமைப்படும் பகுதி இது.

"ஆரம்பிச்சிருச்சா?" என்றார் முன்னால் இருந்த ஒருவர்.

"ஆரம்பிச்சு அஞ்சு நிமிசம் ஆச்சுக்கா."

"ஏந்தம்பி, ஆறு நாளும் ஜீப்புக்கு நிக்கிறோம். லீவு நாள்லயும் எங்கள நிக்க வச்சுட்டியே!"

"உக்காந்துதானடி பாக்குற?" என்றார் இன்னொருவர். ஷெட்டே சிரித்தது.

முப்பத்தோராம் நிமிடத்தில் ஜீப்பின் விளக்கு திரையை நிறைத்ததும் விசில் பறந்தது. "ஆத்தா, ஹீரோ வந்துட்டாருடி!" சிக்கந்தர் பாய் எழுந்து சட்டைக் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டார். பிறகு என் காதருகே குனிந்தார். "அன்னைக்கு நான் லேட்டுங்கிறத உலகத்துக்கே காட்டிட்டீகளே தம்பி. அத மட்டும் கொஞ்சம் கொறச்சுப் போடக் கூடாதா?"

குறைத்துப் போடுவதற்கா இத்தனை தூரம் சுமந்து வந்தேன்! புரொஜெக்டர் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

எல்லோரும் உலை வைக்க வேண்டும் என்று ஐந்து மணிக்குள் கிளம்பிவிட்டார்கள். ஈஸ்வரி அக்கா மட்டும் போகவில்லை. ஜன்னல் பெட்ஷீட்டுகளை அவிழ்த்து மடித்துக்கொண்டிருந்தார். படத்தில் இருபத்தொன்றாம் நிமிடத்தில் வந்து, சேலைக்கு மேலே முழுக்கைச் சட்டையை மாட்டி, தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு, ஜீப்பில் ஏறும்வரை கேமராவுக்கு நேரே நிற்பவர் அவர்தான்.

"தம்பி, நான் வாரதுல இருந்து ஏறுற வரைக்கும் என்னைய மட்டும் வெட்டி எடுத்துரு."

எனக்கு முதலில் விளங்கவில்லை. அப்புறம் சொன்னார். மகளுக்குக் கோம்பையில் மாப்பிள்ளை பேசி முடித்திருக்கிறது. ஜீப்பில் தோட்டத்துக்குப் போகும் வீட்டில் பெண் எடுக்க மாட்டோம் என்பவர்கள். அதனால் பெண்ணின் அம்மா தையல் கடை வைத்திருப்பதாக இவர் வீட்டில் சொல்லியிருக்கிறார்கள். வைகாசியில் கல்யாணம்.

"எடுக்கும்போது சரின்னு சொன்னீகளேக்கா."

"அப்ப மாப்பிள்ளை வரலையே. அவுக வீட்டுல பூராம் செல்லுலதான் கெடப்பாக. நீ அதுல போடப்போறேன்னு பாய் சொன்னாக."

"உழைக்கிறதுல என்னக்கா அசிங்கம்?"

"அசிங்கம்னு நான் சொன்னேனா? நீ வந்து என் மகளக் கட்டிக்கிறியா, சொல்லு. படத்துல நெசமாவே பெருசா நிக்கிறேன்."

லாட்ஜுக்கு வந்தேன். விழா ஒருங்கிணைப்பாளருக்குப் போன் போட்டேன். கையேட்டில் 'வெட்டில்லாத முப்பத்தெட்டு நிமிடம்' என்று அச்சாகிவிட்டது, அதற்காகத்தானே தேர்ந்தெடுத்தோம் என்றார். மாற்றினால் தேர்வுக் குழு மறுபடி பார்க்க வேண்டுமாம். உறுதி சொல்ல முடியாதாம். எல்லோர் மேலும் கோபம் வந்தது. கோம்பைக்காரர்கள் மேல், இணையத்தின் மேல், ஒரு வருடம் கழித்துப் படம் காட்ட வந்த என் நேர்மையின் மேல். காட்டாமல் அனுப்பியிருந்தால் இந்தத் தொல்லை உண்டா?

வெட்டாமல் தப்பிக்க ஒரு வழி தோன்றியது. அவர் முகத்தை மட்டும் மங்கலாக்கினேன்.

திங்கட்கிழமை காலை நாலே முக்காலுக்கு ஜீப் ஸ்டாண்டு போனேன். வாளிகள் வரிசையில் நின்றன. ஈஸ்வரி அக்கா டீயோடு வந்தார். லேப்டாப்பைத் திறந்து காட்டினேன். பார்த்துவிட்டு டீ சிந்தச் சிரித்தார்.

"என்னப்பா இது, டிவியில கஞ்சா கேசுல பிடிச்சவுகளக் காட்டுற மாதிரி இருக்கு! இதுக்கு மூஞ்சியவே காட்டிட்டுப் போயிரலாம்."

வேறு வழி தெரியவில்லை. "அந்தப் பதினோரு நிமிசமும் கறுப்பாப் போட்டுர்றேன்க்கா. படம் தெரியாது, சத்தம் மட்டும் கேக்கும். ஆனா உங்க குரல் அதுல இருக்கு."

"இருக்கட்டும்."

"கண்டுபிடிச்சுருவாகளே?"

"எப்படிக் கண்டுபிடிப்பாக? அவுக முன்னாடி நான் இன்னும் ஒரு வார்த்த பேசலையே."

ஜீப் வந்தது. வாளியை எடுத்துக்கொண்டு ஏறினார். முன்வரிசை இடம்.

ஆறரை மணி பஸ்ஸில் ஜன்னலோர இருக்கை கிடைத்தது. உத்தமபாளையம் தாண்டுவதற்குள் வேலை முடிந்துவிட்டது. இரண்டே வெட்டு. கறுப்புக்குள் போக ஒன்று, வெளியே வர ஒன்று. விழா ஏற்குமோ, ஏற்காதோ. ஏற்காவிட்டால் எனக்கு வேறு விழா கிடையாது.

எங்கள் வீட்டில் முதலில் கல்லூரிப் படி ஏறியவன் நான். சேர்க்கை விண்ணப்பத்தில் தாயின் தொழில் என்று ஒரு கட்டம் இருந்தது. தீப்பெட்டி ஆபீசில் குச்சி அடுக்கும் அம்மா அன்று லீவு சொல்லிவிட்டு என் பக்கத்தில்தான் நின்றார். நான் 'இல்லத்தரசி' என்று எழுதினேன். அவருக்கு வாசிக்கத் தெரியாது. என்ன எழுதினாய் என்று கேட்கவும் இல்லை. ஈஸ்வரி அக்காவிடம் உழைப்பைப் பற்றிப் பிரசங்கம் செய்தபோது அந்தக் கட்டம் ஏன் நினைவுக்கு வரவில்லை என்று தெரியவில்லை.

சின்னமனூரில் ஒரு பெரியவர் வாழைக்காய்ப் பையோடு பக்கத்தில் உட்கார்ந்தார். கறுத்துக் கிடந்த திரையை நான் காதில் ஒயரோடு உற்றுப் பார்ப்பதைக் கொஞ்ச நேரம் கவனித்தார்.

"மிசினு கெட்டுப்போச்சா தம்பி? ஒண்ணும் தெரியலையே."

"படமே அப்படித்தான் ஐயா. கேளுங்க" என்று ஒரு ஒயரை அவர் காதுக்குக் கொடுத்தேன். இருட்டுக்குள்ளிருந்து ஈஸ்வரி அக்கா கத்தினார்: "எவடி என் வாளியப் பின்னால நகட்டுனது? நாலே முக்காலுக்கே வச்சுட்டுப் போனேன்! எடத்த விட்டு நகளுங்கடி!"

பெரியவர் சிரித்துவிட்டார். "யாருய்யா இந்தம்மா, இந்தப் போடு போடுது?"

"தெரிஞ்சவுகதான் ஐயா. தையல் கடை வச்சிருக்காக" என்றேன்.